பேசும் படம் பேசிய அறம்

(ஐவர்மலை வழிபாட்டிற்குப் பின், கொடைக்கானலில் நம் குடும்பங்கள் கூடியிருந்த காலைக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

அருகப் பெருமான் திருவடிகளை மனத்தால் வணங்கித் தொடங்குகிறேன்.  

இன்று ‘சிராவகர் ஒழுக்கம்’ என்னும் தலைப்பில் பேசுமாறு என்னைப் பணித்திருந்தார்கள். ஊரிலிருந்து புறப்படும்போதே குறிப்புகளை எழுதிக்கொண்டு வந்தேன். ஆனால், நேற்றிரவு நிகழ்ந்த ஒன்று அக்குறிப்புகளை மடித்து வைக்கச் செய்துவிட்டது. தலைப்பு மாறவில்லை, அதனை விளக்கும் வழி மாறிவிட்டது.

நேற்றுக் காலை ஐவர்மலையில் தீர்த்தங்கரர் திருவுருவங்களை வணங்கினோம். பின்னர்ப் பழனி வழியே மலைப்பாதையில் வளைந்து வளைந்து இங்கு வந்து சேர்ந்தோம். நம் வழக்கப்படி பொழுது சாயும்முன் உணவை முடித்துக்கொண்டதால் இரவு நீண்டிருந்தது; குளிரோ மிகுந்திருந்தது. நம் இளைஞர்கள் விடுதிக் கூடத்துச் சுவரில் வெள்ளைத் துணியைக் கட்டி ஒரு திரைப்படம் காட்டினார்கள். 1987-ஆம் ஆண்டு வெளிவந்த ‘பேசும் படம்’ அது. முதியோர் பலரும் கம்பளியைப் போர்த்துக்கொண்டு குழந்தைகளுடன் அமர்ந்து வயிறு குலுங்கச் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

படம் முடிந்தபின் என் பக்கத்தில் இருந்த சிறுவன் ஒருவன் கேட்டான்: “பாட்டி, அந்த அண்ணனுக்குத்தான் அவ்வளவு பெரிய மெத்தை கிடைச்சுதே, அப்புறம் ஏன் அவருக்குத் தூக்கம் வரலை?”

முப்பது ஆண்டுகளுக்கு மேல் வகுப்பறையில் நின்றவள் நான். அவ்வினாவிற்கு உடனே விடை கூற என்னால் இயலவில்லை. “நாளைக்குச் சொல்றேன் கண்ணா” என்று அவனை அனுப்பிவிட்டேன். அவனுக்குக் கூறவேண்டிய விடையே இன்றைய என் உரை.

சொல்லில்லாத கதை

படத்தைப் பார்க்காதவர்களுக்காகக் கதையைச் சுருக்கிக் கூறுகிறேன். இயக்கியவர் சிங்கீதம் சீனிவாசராவ், நடித்தவர் கமலஹாசன், இசையமைத்தவர் எல். வைத்தியநாதன். கன்னடத்தில் ‘புஷ்பக விமானா’ என்றும், தமிழில் ‘பேசும் படம்’ என்றும், இந்தியில் ‘புஷ்பக்’ என்றும் பெயர் பெற்றது. மொழிக்கொரு பெயர் உண்டு. ஆனால் படத்தில் எம்மொழியிலும் உரையாடல் இல்லை. வண்டிகளின் இரைச்சல் உண்டு, கதவு சாத்தும் ஓசை உண்டு, இசை உண்டு, பேச்சு மட்டும் இல்லை. மக்களை மகிழ்விக்கும் நல்ல பொழுதுபோக்குப் படத்திற்குரிய தேசிய விருதும் அதற்குக் கிடைத்தது.

தமிழின் முதல் பேசும் படமாகிய ‘காளிதாஸ்’ வெளிவந்தது 1931-இல். உலகமே பேசும் படங்களின் பின்னால் ஓடிக்கொண்டிருந்த அதே ஆண்டில்தான் சார்லி சாப்ளின் ‘சிட்டி லைட்ஸ்’ என்னும் படத்தை உரையாடலின்றி வெளியிட்டார். ஐம்பத்தாறு ஆண்டுகள் கழித்து, வசனத்தால் வளர்ந்த நம் தென்னகத் திரையுலகில், அதே துணிவை மீண்டும் ஒருவர் காட்டினார்.

கதைத் தலைவன் வேலையில்லாப் பட்டதாரி. பெங்களூரில் ஒரு நெரிசலான குடியிருப்பின் மேல்தளத்துச் சிற்றறையில் வாழ்பவன். ஒருநாள் இரவு, குடித்துவிட்டுத் தெருவில் விழுந்துகிடக்கும் செல்வர் ஒருவரைக் காண்கிறான். அவரிடம் ஐந்து நட்சத்திர விடுதியின் அறைச் சாவி இருக்கிறது. அவரைத் தன் சிற்றறைக்குக் கொண்டுசென்று கட்டிப்போடுகிறான். அவருடைய விடுதி அறையில் அவராகவே வாழத் தொடங்குகிறான். ஒரே இரவில் செல்வனாகிவிட்டான்!

முதல் இரவு அவனுக்குத் தூக்கம் வரவில்லை. மெத்தை மென்மையாக இருக்கிறது; குளிரூட்டிய அறை அமைதியாக இருக்கிறது. அந்த அமைதிதான் அவனுக்குப் பகையாகிறது. அவனது பழைய அறைக்கு அருகே ஒரு திரையரங்கு. அங்கிருந்து வரும் சண்டைக் காட்சிகளின் இரைச்சலைக் கேட்டுக்கேட்டே உறங்கிப் பழகியவன் அவன். ஆகவே, அந்த இரைச்சலை ஒலிநாடாவில் பதிவு செய்து கொண்டுவந்து, விடுதி அறையில் ஓடவிட்டபின்தான் உறங்குகிறான். நேற்று நாம் மிகுதியாகச் சிரித்த இடங்களுள் இதுவும் ஒன்று.

சாப்ளின் 1925-இல் எடுத்த ‘தி கோல்ட் ரஷ்’ படத்தின் இறுதியிலும் இத்தகைய ஒரு காட்சி உண்டு. தங்கம் தேடிச் சென்ற ஏழை நாடோடி கோடீசுவரனாகிக் கப்பலில் திரும்புகிறான். மேலே விலையுயர்ந்த தோலாடை அணிந்திருக்கிறான். ஆயினும், தரையில் கிடக்கும் சுருட்டுத் துண்டைக் கண்டதும் அவன் கை தானாக அதனை எடுக்கக் குனிகிறது. செல்வம் ஒரே நாளில் வந்துவிடும். வாழ்ந்த வாழ்க்கையின் பழக்கமோ கையைவிட்டும் காதைவிட்டும் ஒரே நாளில் போய்விடாது. சிறுவனின் வினாவிற்கு முதல் விடை இதுதான்: மெத்தையை மாற்றினான், மனத்தை மாற்ற முடியவில்லை.

ஆனால், இது பாதி விடையே.

கட்டுண்டு கிடப்பவர்

அப்படத்தை வெறும் சிரிப்புப் படம் என்று விட்டுவிட இயலாதவாறு செய்வது அந்தச் சிற்றறைதான். விடுதியில் ஒருவன் விருந்துண்கிறான். அதே நேரத்தில் ஓர் உயிர் வாயடைக்கப்பட்டு, கைகால் கட்டப்பட்டு இருட்டறையில் கிடக்கிறது. அந்தக் கைதியின் கழிவை அன்றாடம் அகற்றவேண்டிய கடமையும் செல்வனாக நடிப்பவனுக்கே வந்து சேர்கிறது. அதனை வண்ணத்தாளில் சுற்றிப் பரிசுப் பொட்டலம்போல் கட்டிக்கொண்டு வெளியே செல்கிறான். குழந்தைகள் சிரித்தார்கள், சிரிக்கட்டும். பெரியவர்களாகிய நாம் சற்று எண்ணிப் பார்க்கவேண்டும். முறையின்றி வந்த பொருளுக்குப் பின்னால் இத்தகைய பொட்டலம் ஒன்று எப்போதும் உண்டு. வெளியே பளபளக்கும் தாள். உள்ளே இருப்பது என்ன என்பதைக் கட்டியவனே அறிவான்.

நம் நெறியின் கண்கொண்டு நோக்கினால், அவன் ஒரே செயலால் எத்தனை நோன்புகளை முறிக்கிறான்! பிறர் உடைமையைக் கவர்ந்ததனால் கள்ளாமை கெட்டது. தான் அல்லாத ஒருவனாக நடித்ததனால், வாய் திறவாமலே வாய்மை கெட்டது. ஓர் உயிரைக் கட்டி வருத்தியதனால் அகிம்சை கெட்டது. இவையனைத்திற்கும் வித்து ஒன்றுதான்: மிகுபொருள் விருப்பம். ஐந்து அணுவிரதங்களுள் இறுதியில் வைத்து எண்ணப்படும் ‘மிகுபொருள் விரும்பாமை’ உண்மையில் ஏனைய நான்கிற்கும் காவல் வேலியாக நிற்கிறது. வேலி சாய்ந்தால் பயிர் நிலைக்காது.

படத்தில் ஒரு பிச்சைக்காரன் வருகிறான். வேலையில்லாத நம் இளைஞன் தன் கையிலிருக்கும் காசைக் காட்டிப் பெருமை கொள்ள, அவனோ தன்னிடம் மறைத்து வைத்துள்ள பணத்தைக் காட்டி இளைஞனை நாணச் செய்கிறான். பிறகு அவன் தெருவிலேயே இறந்துபோகிறான். அவன் சேர்த்து வைத்த பணத்திற்காக மக்கள் ஒருவரையொருவர் இடித்துத் தள்ளுகிறார்கள். அவனது உடலை நோக்குவார் எவருமில்லை. தொகை இருந்தது, துய்க்கவில்லை, கொடுக்கவுமில்லை. அக்காட்சியைக் கண்டு நிற்கும் இளைஞனின் முகத்தை நினைவுகூருங்கள். அதன்பின் அவனுக்கு மெத்தை இனிக்கவில்லை. கைதியை விடுவிக்கிறான், தான் நேசித்த பெண்ணிடம் உண்மையை எழுதித் தெரிவிக்கிறான், பழையபடி வேலை தேடுவோர் வரிசையில் போய் நிற்கிறான்.

நம் ‘நாலடியார்’ செல்வம் நிலையாமையைத்தான் முதல் அதிகாரமாக வைத்துத் தொடங்குகிறது. செல்வத்தின் இயல்பை உருளும் வண்டிச் சக்கரத்தோடு ஒப்பிட்டுக் காட்டுகிறது. பள்ளியில் அவ்வதிகாரத்தை எத்தனையோ முறை நடத்தியிருக்கிறேன். ஆனால், ஒரு சொல்லும் பேசாத படம் ஒன்று அதற்கு உரை எழுதும் என்று நான் எண்ணியதில்லை.

ஐந்து குற்றங்கள்

நான் குறிப்பெழுதி வந்த பகுதிக்கு இப்போது வருகிறேன். சமந்தபத்திர ஆசாரியர் அருளிய ‘இரத்தினகரண்ட சிராவகாசாரம்’ இல்லறத்தார்க்குரிய நூல். அதன் வழியொட்டித் தமிழில் எழுந்ததே ‘அருங்கலச்செப்பு’. ‘பொருளைத் துற’ என்று இல்லறத்தாரை நோக்கி ஆசாரியர் கட்டளையிடவில்லை. ‘பொருளுக்கு ஓர் அளவு செய்துகொள்’ என்றே கூறினார். அளவு எவ்வளவு என்பதையும் அவர் விதிக்கவில்லை. அதனை அவரவரே வரைந்துகொள்ள வேண்டும். அளவு செய்துகொண்டபின் அதனை மாசுபடுத்தும் குற்றங்கள் ஐந்து என்று எண்ணிக் காட்டினார்.

முதலாவது அதிவாகனம். ஆசை மிகுதியால் வண்டி மாடுகளை அவற்றின் ஆற்றலுக்கு மேல் ஓட்டுதல். இரண்டாவது அதிசங்கிரகம். விலையேறும் என்று தேவைக்கு மேல் சேர்த்துக் குவித்தல். மூன்றாவது விஸ்மயம். பிறருக்குக் கிடைத்த பேற்றைக் கண்டு வியந்து மனம் நோதல். நான்காவது உலோபம். நல்ல ஊதியம் கிடைத்த பின்னும் இன்னும் வேண்டும் என்று ஏங்குதல். ஐந்தாவது அதிபாரவாகனம். சுமக்க இயலாத சுமையை ஏற்றுதல்.

இவற்றுள் முதலும் இறுதியும் மாடுகளைப் பற்றியவை. ஒருவனுடைய பேராசையின் விலையை அவன் மட்டும் கொடுப்பதில்லை. பேசவியலாத மற்றோர் உயிர் தன் முதுகால் கொடுக்கிறது என்பதை ஆசாரியர் உணர்ந்திருந்தார். இருட்டறையில் வாயடைக்கப்பட்டுக் கிடந்தவரை இங்கே நினைத்துக்கொள்ளுங்கள்.

நடுவில் நிற்கும் விஸ்மயம்தான் என்னை மிகவும் சிந்திக்க வைத்தது. வியத்தல்கூட ஒரு குற்றமா என்று மாணவர்கள் கேட்பதுண்டு. பிறர் செல்வத்தை வாய்பிளந்து பார்ப்பது குற்றமற்ற செயல்போலத்தான் தோன்றும். ஆனால், களவு அங்கிருந்தே தொடங்குகிறது. படத்தின் தலைவன் சாவியைக் கையில் எடுப்பதற்கு முன்பே அந்த விடுதியைக் கண்ணால் எடுத்துவிட்டான். இன்று அவ்வியப்பிற்கு விடுதி வாயில்வரை போகவும் வேண்டியதில்லை. கைப்பேசியைத் திறந்தால் அடுத்தவர் வீடும் வண்டியும் நகையும் நம் உள்ளங்கையிலேயே வந்து நிற்கின்றன.

மலையடிவாரத்து ஐந்நூற்றைந்து காணம்

நாம் நேற்று வணங்கிய ஐவர்மலைக்குத் திரும்புவோம். பாண்டவர் ஐவர் தங்கிய மலை என்று இன்று ஊர்மக்கள் கூறுகின்றனர். கல்வெட்டில் அது திருவயிரை. பாறையின் நெற்றியில் வரிசையாகப் பதினாறு தீர்த்தங்கரர் திருவுருவங்களைக் கண்டோம். அங்குள்ள கல்வெட்டு சகம் 792-ஐயும் வரகுண பாண்டியனின் எட்டாம் ஆட்சியாண்டையும் ஒருங்கே குறிக்கிறது. அதாவது கி.பி. 870. சக ஆண்டும் ஆட்சியாண்டும் சேர்ந்திருப்பதனால் பாண்டியர் கால வரிசையை நிறுவ வரலாற்று அறிஞர்களுக்கு அது பெருந்துணையாயிற்று. சமணர் வடித்த ஒரு வரி பாண்டியர் வரலாற்றிற்கே அளவுகோலாக நிற்பது நமக்குப் பெருமை.

ஆனால், அக்கல்வெட்டின் செய்தி வேந்தனைப் பற்றியதன்று. குணவீரக் குரவடிகளின் மாணாக்கராகிய சாந்திவீரக் குரவர், பார்சுவ படாரரின் திருவுருவத்தையும் இயக்கியின் திருவுருவத்தையும் புதுப்பித்தார். அவ்விரண்டிற்கும் வழிபாட்டு அவிக்கும், அடிகள் ஒருவருக்குச் சோற்றுக்கும் என ஐந்நூற்றைந்து காணம் பொன் அமைக்கப்பட்டது. இதுவே செய்தி.

ஐந்நூற்றைந்து! பொன்னைக் குறிக்கும்போது ஐந்நூறு என்றோ ஆயிரம் என்றோ நிறைவாகக் கூறுவதே கேட்பதற்குப் பெருமையாக இருக்கும். இங்கோ ஐந்து என்னும் சிற்றெண் ஒட்டிக்கொண்டிருக்கிறது. தேவை இன்னது, அதற்குரிய முதல் இவ்வளவு என்று எண்ணி வைத்த தொகையாகவே அது எனக்குத் தோன்றுகிறது. எத்தனை அடிகளுக்குச் சோறு? ஒருவருக்கு. ஆயிரம் பேருக்கு அன்னதானம் என்னும் ஆரவாரம் அங்கு இல்லை. ஒருவருக்கு, நாள்தோறும், தவறாமல். ஏறத்தாழ 1,150 ஆண்டுகள் கழிந்தபின்னும் அந்தக் கணக்கை நாம் படிக்கிறோம். பொன் எங்கே போயிற்றோ! அளவறிந்து கொடுத்த மனம் கல்லில் நிலைத்திருக்கிறது.

அட்சய திருதியை நமக்கு எந்நாள் என்பதையும் இத்துடன் சேர்த்து எண்ணவேண்டும். இருடப தேவர் நெடுநாள் உணவின்றி ஊர் ஊராக நடந்தபோது, அவர் வேண்டுவது யாது என்று மக்கள் அறியவில்லை. பொன்னையும் மணியையும் யானையையும் குதிரையையும் கொண்டுவந்து முன்னே நிறுத்தினார்கள். அத்தினபுரத்தில் சிரேயாம்சன் ஒருவனே முறையறிந்து கரும்புச் சாற்றை அளித்தான். பொன்னை வேண்டாது கரும்புச்சாற்றை ஏற்ற நாள் அது. அந்நாளிலேயே நாமும் பொற்கடை வாயிலில் வரிசையில் நிற்கிறோம் என்றால், தீர்த்தங்கரர் முன் யானையைக் கொண்டுவந்து நிறுத்தியவர்கள் இன்றும் மறையவில்லை என்றுதான் கொள்ளவேண்டும்.

கொடையும் மறதியும்

இம்மலைக்குக் கொடைக்கானல் என்று பெயர். பெயர்க்காரணத்தைப் பலர் பலவாறு கூறுவர். தமிழாசிரியையாகிய என் காதில் விழுவது ‘கொடை’ என்னும் சொல்தான். அதற்கேற்ப, இம்மலைத்தொடரின் அடிவாரம் சங்க காலத்தில் ஒரு வள்ளலின் நாடாக இருந்தது. ஆவியர் குடியில் தோன்றிய வையாவிக் கோப்பெரும் பேகனின் நாடு அது. பழனியின் பழம்பெயர் பொதினி. மயில் குளிரால் நடுங்குகிறது என்று எண்ணித் தன் போர்வையை அளித்த வள்ளல் அவன்.

அவனைப் பற்றிப் பள்ளிப் பாடநூல் கூறாத செய்தி ஒன்றுண்டு. மயிலுக்கு இரங்கிய அப்பேகன், தன் மனைவி கண்ணகியைப் பிரிந்து, அவளைக் கண்ணீரில் விட்டிருந்தான். கபிலர், பரணர், அரிசில்கிழார், பெருங்குன்றூர்கிழார் ஆகிய நான்கு புலவர்கள் அவனை நாடிச் சென்றார்கள். பரிசில் வேண்டி அல்ல. ‘உன் மனைவியின் துயரை நீக்கு, அதுவே நாங்கள் வேண்டும் பரிசில்’ என்னும் கருத்துப்பட அவர்கள் பாடிய பாடல்கள் புறநானூற்றில் உள்ளன. பெரிய வள்ளல்தான். ஊருக்குக் கொடுத்தான்; காட்டு மயிலுக்கும் கொடுத்தான்; வீட்டில் இருந்தவளை மறந்தான். அவனுக்கு அதனை எடுத்துக்கூற நான்கு புலவர்கள் வேண்டியிருந்தது.

என் வீட்டுக் கதை

அன்புடையீர்! இதுவரை நூற்செய்திகளையும் படச்செய்தியையும் கூறினேன். இனிக் கூறுவது என் வீட்டுச் செய்தி. கூறத் தயங்கினேன். ஆயினும், பிறரைக் குறை கூறும் உரைக்குத் தன் குறையைக் கூறுதலே தகுதி தரும் என்று துணிந்தேன்.

வந்தவாசிப் பக்கத்தில் எங்கள் சிற்றூர். தந்தையார் விட்டுச்சென்றது சில ஏக்கர் நன்செய். நெல்லும் மணிலாவும் விளைந்த நிலம். ஓராண்டு விளைந்தால் ஓராண்டு பொய்க்கும். எனினும், எங்கள் மூவரையும், அண்ணன், நான், தம்பி என மூவரையும், படிக்கவைத்த நிலம் அது. அருகே புதிய சாலை வந்தது. மனைப்பிரிவு போடுவோர் வந்தார்கள். தந்தையார் கனவிலும் எண்ணியிராத தொகை ஒரே வாரத்தில் எங்கள் கைக்கு வந்தது.

முன்பணம் வந்த இரவில் அம்மா உறங்கவில்லை. பணப்பெட்டியைக் கட்டிலுக்கடியில் வைத்துவிட்டு விடியும்வரை விழித்திருந்தார்கள். “ஏம்மா தூங்கல?” என்று கேட்டேன். “தவளைச் சத்தம் கேக்கலை, அதான்” என்றார்கள். நிலத்தில் அந்த ஆண்டு நீர் பாய்ச்சவில்லை. நீரில்லாததனால் தவளை ஒலியும் இல்லை. அன்று எனக்கு அது விளங்கவில்லை. நேற்றிரவு, திரையில் அந்த இளைஞன் ஒலிநாடாவை ஓடவிட்டு உறங்கியபோது, எல்லோரும் சிரித்துக்கொண்டிருந்த நேரத்தில், அம்மாவின் அந்தச் சொல் என் காதில் ஒலித்தது.

பங்கீட்டில் பிணக்கு வந்தது. நிலத்தைப் பார்த்துக்கொண்டது யார், அம்மாவைப் பார்த்துக்கொண்டது யார், யாருக்கு எவ்வளவு என்று பேச்சு வளர்ந்தது. நானும் என் பங்கைக் கேட்டேன். பெண்மக்களுக்கும் உரிமையுண்டு, கேட்டது பிழையன்று. ஆனால், ஊரோடு இருந்து உழுத தம்பியின் முகத்தைப் பார்த்து, “நீ இத்தனை வருஷம் கணக்கு காட்டினியா?” என்று நான் கேட்டேன். அது உரிமையிலிருந்து பிறந்த சொல்லன்று; உலோபத்திலிருந்து பிறந்த சொல். நான் ஓய்வூதியம் பெறுபவள். அந்தத் தொகை வந்திராவிட்டால் என் வாழ்வில் ஒரு வேளை உணவும் குறைந்திராது.

அன்றுமுதல் தம்பி என்னோடு பேசுவதில்லை. அண்ணனும் அவனும் பேசுவதில்லை. அம்மா மறைந்தபோது மூவரும் ஒரே வீட்டில் மூன்று மூலைகளில் நின்றோம். பணம் வங்கியில் வளர்ந்துகொண்டிருக்கிறது. அண்மையில் அதிலிருந்து ஒரு பகுதியை ஜினாலயத் திருப்பணிக்கு அளித்தேன்; எல்லோரும் பாராட்டினார்கள். பேகனின் நினைவு வருகிறதல்லவா? மயிலுக்குப் போர்வை அளித்துவிட்டேன்.

என் வீட்டில் நிகழ்ந்தது என் வீட்டோடு நின்றிருந்தால் இதனை இங்குக் கூறியிருக்க மாட்டேன். நம் ஊர்களில் பல குடும்பங்களில் இன்று இதுவே நிகழ்கிறது. நம்மவர் தலைமுறை தலைமுறையாக உழவர்கள். ஆசிரியப் பணியால் தலைநிமிர்ந்தவர்கள். நிலம் மனையாகிறது, பிள்ளைகளின் மாத ஊதியம் நம் ஆண்டு ஊதியத்தை மிஞ்சுகிறது. இதில் தவறொன்றுமில்லை, நேர்மையாக வந்த பொருள் வரவேற்கத்தக்கதே. ஆனால், வறுமையில் எப்படி வாழ்வது என்று நம் முன்னோர் நமக்குக் கற்பித்தார்கள். திடீரென்று வரும் வளத்தில் எப்படி வாழ்வது என்பதை நாம்தான் நம் பிள்ளைகளுக்குக் கற்பிக்கவேண்டும்.

மூன்று வேண்டுகோள்கள்

எனவே, உங்கள் முன் மூன்று வேண்டுகோள்களை வைக்கிறேன்.

முதலாவது: வரும் தசலட்சண நாள்களில், உத்தம ஆகிஞ்சன்ய நாளன்று, குடும்பத்தார் அனைவரும் ஒன்றாக அமர்ந்து பொருளுக்கு ஓர் அளவு வரையுங்கள். எத்தனை வீடு, எத்தனை வண்டி, எவ்வளவு நகை என்று தாளில் எழுதுங்கள். அளவு பெரியதாக இருந்தாலும் பரவாயில்லை, எழுதப்பட்டிருக்க வேண்டும். எழுதாத அளவு ஆண்டுதோறும் நீளும்.

இரண்டாவது: நிலத்தை விற்க நேர்ந்தால், பணம் கைக்கு வருவதற்கு முன்பே பங்கைப் பேசி முடியுங்கள். அறத்திற்கு ஒரு பங்கை முதலிலேயே ஒதுக்குங்கள். அது ஐந்நூற்றைந்து காணம்போல் எண்ணி வைத்ததாகவும், இன்ன பணிக்கு என்று குறித்ததாகவும் இருக்கட்டும். ஒரு மாணவனின் ஓராண்டுக் கட்டணமாயினும் போதும்.

மூன்றாவது: கொடைக்கானலுக்கு வருகின்ற நம் குடும்பங்கள் ஏரியில் படகோட்டுகின்றன, மலர்ப்பூங்காவைப் பார்க்கின்றன, ஊர் திரும்புகின்றன. அடிவாரத்து ஐவர்மலையில் அரைநாள் நில்லுங்கள். குழந்தைகளை அக்கல்வெட்டின் முன் நிறுத்தி, அதில் எழுதியிருப்பது யாது என்று கூறுங்கள். நாம் சென்று வணங்கினால்தான் அவ்விடம் நமது என்பது நம் பிள்ளைகளின் நினைவில் நிற்கும்.

நிறைவாக, என்னிடம் வினவிய சிறுவனுக்கு விடை கூறவேண்டும். கண்ணா, அந்த அண்ணனுக்குத் தூக்கம் வராததற்குக் காரணம் இரண்டு. மெத்தை புதியது என்பது ஒன்று. அது ஒருநாளில் பழகிவிடும். அந்த மெத்தைக்காக வேறொருவர் கட்டுண்டு கிடக்கிறார் என்பது மற்றொன்று. அது எந்நாளும் பழகாது. பழகிவிட்டால்தான் அஞ்சவேண்டும். அவன் கட்டை அவிழ்த்துவிட்ட பிறகு மீண்டும் சிற்றறைக்கே வந்தான். அங்கே நன்றாக உறங்கியிருப்பான் என்று நான் நம்புகிறேன்.

ஊர் திரும்பியதும் நான் முதலில் என் தம்பியின் வீட்டிற்குச் செல்வதாக இருக்கிறேன். வாயிலில் நின்று என்ன கூறுவது என்று நேற்றிரவெல்லாம் எண்ணிப் பார்த்தேன். சொல் ஒன்றும் அமையவில்லை. தமிழில் முதுகலை படித்தும் பயனில்லை. ஆனால், சொல்லில்லாமலே எல்லாவற்றையும் கூறிவிட முடியும் என்று நேற்றுக் கண்டோம் அல்லவா? அத்துணிவோடு செல்கிறேன். கதவு திறந்தால் அதுவே போதும்.

 எல்லா உயிர்களும் இன்புற்றிருக்க அருகப் பெருமான் திருவருள் துணைநிற்பதாக. ஜெய் ஜினேந்திரா!